முதிரைநாட்டு எழுத்தாணி: எரிந்த ஏட்டை அது மீட்கலாமா?

குளக்கட்டு (ஒட்டுசுட்டான்)
நாங்கள் சிலர் சேர்ந்து எழுதும் ‘முதிரைநாடு’ தொடர்கதைக்கு ஒரு முடிவு வேண்டும். முதல் பாகம் வாசிக்காதவர்களுக்காகச் சொல்கிறேன்: முதிரைநாடு காடும் குளமுமான கற்பனை நாடு. அங்கே உள்ள ஒரேயொரு மந்திர எழுத்தாணியால் ஓலையில் எதைக் கீறினாலும் அது நடக்கும். ஓலை உக்கும்வரைதான் அது நிலைக்கும். அதற்குள் படியெடுக்காவிட்டால், எழுத்தால் உண்டான குளம் வற்றிவிடும். முதல் பாக முடிவில் படை வந்து ஏட்டு மண்டபத்தை எரித்தது. கதைநாயகி வேணி எழுத்தாணியோடு தப்பி நிற்கிறாள்.

எரிந்த ஏடுகள் எல்லாவற்றையும் அவள் மீட்க வேண்டும் என்பது என் கட்சி. 1981இல் யாழ்ப்பாண நூலகத்தோடு ஏறத்தாழ 97,000 நூல்கள் எரிந்தன, அவற்றோடு பழைய ஏடுகளும் போயின. கற்பனை நாட்டிலாவது எரிந்தது திரும்பி வரட்டும்.

பாலைநிழல் (மாங்குளம்)
அண்ணா, எனக்கு இதில் உடன்பாடில்லை. “எரிந்த ஏடெல்லாம் வருக” என்று ஒரு வரி கீறினால் மண்டபம் நிறைந்துவிடும் என்றால், அந்தத் தீக்கு வாசகர் ஏன் அழ வேண்டும்? இதைவிடப் பெரிய சிக்கல் ஒன்று இருக்கிறது. எழுத்தாணிக்கு மெய் எது, பொய் எது என்று தெரியாது. படைத்தலைவனிடம் அது சிக்கினால், வயல் எல்லாம் தன்னுடையது என்று பழைய தேதியில் ஒரு உறுதி (காணிப் பத்திரம்) எழுதுவான். அதுவும் நடக்கும்தானே?

குளக்கட்டு
உறுதி என்று நீங்கள் சொன்னதால்தான் கேட்கிறேன், தங்கச்சி. இடப்பெயர்வில் காணி உறுதியைத் தொலைத்துவிட்டு, தாங்கள் வெட்டித் திருத்திய காணியைத் தங்களுடையது என்று காட்ட அலைந்தவர்கள் எங்கள் ஊர்களில் எத்தனை பேர்! அவர்களில் ஒருவர் இந்தக் கதையை வாசித்தால், வேணி கையைக் கட்டிக்கொண்டு நிற்பதைப் பார்க்க வேண்டுமா? கள்ளன் எழுதுவான் என்பதற்காக உரியவளும் எழுதக் கூடாதா?

பாலைநிழல்
எழுதட்டும். சும்மா கிடைக்கக் கூடாது என்றுதான் சொல்கிறேன். எங்கள் வீட்டு உறுதியும் போனதுதான். அதனால்தான் ஒரு வரியில் எல்லாம் திரும்பி வருவதை என்னால் நம்பி வாசிக்க முடியாது.

ஏடுகாவலன் (முள்ளியவளை)
பிள்ளைகள், இரண்டு பேரும் எழுத்தாணியைப் பேனை மாதிரி நினைத்துக்கொண்டு பேசுகிறீர்கள். அது எழுதாது, கீறும். கீறிய கையோடு ஓலையைப் பார்த்தால் எழுத்து சரியாகத் தெரியாது. விளக்குக் கரியை எண்ணெயில் குழைத்துப் பூசித் துடைத்தால்தான் கீறலுக்குள் கறுப்பு நிற்கும். இந்தக் கரிப்பூச்சைக் கதைக்குள் கொண்டுவாருங்கள். கீறுகிறவர் ஒருவர், கரி பூசுகிறவர் இன்னொருவர். பூசுகிறவர் அந்த விஷயத்தை முன்பே அறிந்தவராக இருந்தால் மட்டும் எழுத்து உயிர்பெறட்டும். எங்கள் பக்கத்துக் கூத்துக்காரர் பலர் ஏட்டைப் பார்க்காமலே விடிய விடியப் பாடுவார்கள். அப்படியொரு ஆள் இருந்தால் ஏடு மீளும்.

அப்புறம் இன்னொன்று. ஓலையில் புள்ளி குத்தினால் கிழியும் என்று பெரும்பாலும் புள்ளி வைக்கமாட்டார்கள். அதனால், புள்ளியால் பிரித்தறிய வேண்டிய குறில் எகரமும் நெடில் ஏகாரமும் ஒரே மாதிரிக் கிடக்கும். இன்றைய ‘ஏ’ வடிவம் 18ஆம் நூற்றாண்டில் வீரமாமுனிவரோடு வந்தது என்பார்கள். வேணி ‘ஏரி’ என்று கீறினால் ‘எரி’ என்றும் வாசிக்கலாம். தெரியாதவர் கரி பூசினால் தண்ணீருக்குப் பதிலாகத் தீ வரும்.

குளக்கட்டு
ஐயா, வன்னியில் யார் ஏரி என்று எழுதுவார்? குளம் என்றுதான் வேணி கீறுவாள். ஆனால் கரிப்பூச்சு நல்ல யோசனை. படைத்தலைவன் கள்ள உறுதி கீறினாலும், “ஓம், இது அவனுடைய வயல்தான்” என்று அறிந்து பூச ஒருவரும் இருக்கமாட்டார்.

பாலைநிழல்
கழுத்தில் கத்தி வைத்தால் பூசுவார்களே?

ஏடுகாவலன்
பூசட்டும். அறியாததை எப்படி அறிவார்கள்? கரி ஒட்டாது. கத்தி கையை ஆட்டும், தெரியாத ஒன்றைத் தெரிந்ததாக ஆக்காது.

பாலைநிழல்
சரி ஐயா, கள்ள உறுதி விஷயம் எனக்குத் தீர்ந்தது. ஆனால் ஒரு ஏட்டை அறிந்தவர் எல்லாரும் செத்துப்போயிருந்தால்? அது மீளக் கூடாது. இதில் நான் விட்டுக்கொடுக்கமாட்டேன்.

குளக்கட்டு
அது எனக்குக் கஷ்டமாக இருக்கிறது. ஒருவரும் மிஞ்சாத ஊரின் ஏடுதான் முதலில் மீள வேண்டும் என்பேன். எரிந்த மண்டபத்துக் கரியையே எடுத்துப் பூசினால் ஆகாதா? அந்த ஏடுகளை அறிந்தது அந்தக் கரிதானே.

பாலைநிழல்
ஆகாது அண்ணா. கரிக்கு வாசிக்கத் தெரியாது. ஆனால் வேணி அதைப் பூசிப் பார்க்கட்டும், ஒட்டாமல் போகட்டும். அந்த அத்தியாயத்தை நான் எழுதுகிறேன். அடுத்ததில் அவள் ஆள் தேடிக் காட்டுப்பாதையில் கிளம்புவதை நீங்கள் எழுதுங்கள்.

குளக்கட்டு
எழுதுகிறேன். மூன்றாம் பாகத்தில் அந்தக் கரியைப் பற்றித் திரும்பவும் கேட்பேன்.