எரேமியா 33:14–26 பின்னால் சேர்ந்ததா, கிரேக்கத்தில் விடுபட்டதா?

ஏட்டுச்சுருள்: எரேமியா நூலின் பழைய கிரேக்க மொழிபெயர்ப்பு, யூதர் வழிவழியாகக் காத்த எபிரேய வடிவமான மசோரா பாடத்தைவிட ஏறத்தாழ ஏழில் ஒரு பங்கு குட்டை. கிரேக்கத்தில் பெயர்த்தவரே சுருக்கிவிட்டார் என்று இங்கே இன்னும் சிலர் எழுதுகிறார்கள். சாக்கடல் ஏட்டுச்சுருள்கள் கிடைத்த கும்ரானின் 4ஆம் குகையின் எபிரேயத் துண்டு (4க்யூஎரே-பி) அதற்கு இடம் கொடுக்கவில்லை. 10ஆம் அதிகாரத்தின் 6–8, 10 வசனங்கள் அதிலும் இல்லை. ஆக, குட்டை வடிவம் எபிரேயத்திலேயே இருந்திருக்கிறது. அதுவே மூத்தது.

பாரூக்கு: எபிரேயத்தில் இருந்தது என்றால் சரி. மூத்தது என்று எப்படிச் சொல்கிறீர்கள்? அதே குகையின் 4க்யூஎரே-ஏ மசோரா பாடத்தோடு ஒத்துப்போகிறது. எழுத்தமைப்பைப் பார்த்தால் கி.மு. 200ஐ ஒட்டியது, உங்கள் துண்டைவிடப் பழையது. 39:4–13 கிரேக்கத்தில் இல்லாததற்கும் காரணம் கண்ணெதிரே இருக்கிறது. எபிரேயத்தில் 3ஆம் வசனமும் 13ஆம் வசனமும் அதிகாரிகளின் பெயர்ப் பட்டியலைச் சொல்லி, இரண்டுமே ‘பாபிலோன் ராஜா’ என்று முடிகின்றன. படியெடுப்பவரின் கண் முதல் முடிவிலிருந்து அடுத்த முடிவுக்குத் தாவினால் பத்து வசனங்கள் அப்படியே போய்விடும்.

ஏட்டுச்சுருள்: ஏட்டின் வயது வேறு, அது சுமக்கும் பாடத்தின் வயது வேறு ஐயா. 39இல் தாவல் நடந்திருக்கலாம், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் 4–10 வசனங்கள் பெரும்பாலும் 52:7–16இன் சுருக்கம். வேறிடத்துச் செய்தியைச் செருகியவர், விட்ட இடத்தைப் பிடிக்க அதே பட்டியலை மறுபடி எழுதினார் என்றும் கொள்ளலாமே. அந்த இடம் இரண்டு பக்கமும் சாயும்.

கிரேக்கத்தில் இல்லாத 33:14–26 அப்படியில்லை. 13ஆம் வசனம் ‘கர்த்தர் சொல்லுகிறார்’ என்று முடிகிறது, 26ஆம் வசனம் ‘அவர்களுக்கு இரங்குவேன்’ என்று. 14உம் 34:1உம் தொடங்குவதும் வெவ்வேறு விதம். கண் எதைப் பிடித்துத் தாவும்? இதைவிட முக்கியமானது, தாவீதின் வம்சத்தில் ஓர் அரசன் எழும்புவான் என்ற 23:5–6இன் ‘கிளை’ வாக்கு இங்கே திரும்ப வருகிறது. அங்கே ‘கர்த்தர் நமது நீதி’ என்ற பெயர் அரசனுக்கு. இங்கே எபிரேயத்தில் எருசலேமுக்கு. ஆசாரியக் குலமான லேவியருக்கும் புதிதாக ஒரு வாக்கு சேர்ந்திருக்கிறது. பழைய வாக்கை எடுத்து விரித்தவரின் கை இது.

பாரூக்கு: தீர்க்கதரிசி தன் வாக்கைத் தானே விரித்துச் சொல்லக்கூடாதா? அது கிடக்கட்டும், வரிசையைப் பாருங்கள். ஜாதிகளுக்கு, அதாவது பிற நாடுகளுக்கு, எதிரான வாக்குகள் மசோராவில் 46–51. எகிப்தில் தொடங்கிப் பாபிலோனில் முடிகின்றன. கிரேக்கத்தில் 25:13ஐ அடுத்து ஏலாமில் தொடங்குகின்றன. 25:19–26இல் கடவுளின் கோபப் பாத்திரத்தைக் குடிக்கும் ராஜாக்களிலும் எகிப்து முதல், சேசாக்கு என்கிற பாபிலோன் கடைசி. நூலே மசோராவின் வரிசைக்குச் சாட்சி சொல்கிறது.

ஏட்டுச்சுருள்: முதலில் எகிப்து என்பது வலுவான வாதம்தான். ஆனால் சேசாக்கு குடிப்பான் என்ற அந்தக் கடைசி வாக்கியம் கிரேக்கத்தில் கிடையாது, மசோராவில் மட்டுமே உண்டு. மசோராவில் மட்டும் உள்ள வரியை வைத்து மசோராவின் வரிசையை நிறுவ முடியாது. அதை எடுத்துவிட்டு, எகிப்தை மட்டும் வைத்துச் சொல்லுங்கள்.