குடும்ப வாட்ஸ்அப் குழுவில்: பக்ரி போயிட்டாரு

19 ஜனவரி 2021

சித்தப்பா பாரீஸ்: நேத்து ழான் பியேர் பக்ரி இறந்துட்டாரு. புற்றுநோய். 69 வயசு. டிவியில பார்த்ததுலேர்ந்து மனசு சரியில்ல.

அத்தை: அடக் கடவுளே. யாருப்பா, உன்கூட வேலை பார்த்தவரா?

சித்தப்பா பாரீஸ்: இல்லக்கா, நடிகர். கதை வசனமும் எழுதுவாரு. இங்க வந்த புதுசுல எனக்கு பிரெஞ்சு காதுல ஏறுனதே இவர் படங்களைப் பார்த்துதான். வீட்டுல சனங்க எப்படிப் பேசிக்குவாங்களோ அப்படியே எழுதுவாரு.

அப்பா: ஹீரோவா தம்பி?

சித்தப்பா பாரீஸ்: பல வருஷம் துணை வேஷம்தாண்ணே. பொறந்தது அல்ஜீரியாவுல. அப்பா தபால்காரர், வார லீவுல ஊர் தியேட்டர்ல வேலை. அப்படித்தான் பையனுக்கு சினிமா ஒட்டிக்கிச்சு. 1962ல குடும்பம் கான் நகரத்துக்கு வந்துச்சு. இவர் பேங்க் வேலையை விட்டுட்டு பாரீஸ் வந்து, ஒலிம்பியா அரங்கத்துல வர்றவங்களுக்கு சீட் காட்டிக்கிட்டே நடிப்பு படிச்சாரு.

நான்: சீட் காட்டிக்கிட்டா!! சித்தப்பா, எனக்கு இந்த வருஷமும் காலேஜ் நாடகத்துல தோழி வேஷம்தான். மொத்தம் நாலு வசனம்.

சித்தப்பா பாரீஸ்: அப்போ நீ இவரைத் தெரிஞ்சுக்கணும் பாப்பா. 1987ல ஒரு நாடகத்துல நடிகை ஆன்யெஸ் ழவுயியைச் சந்திச்சாரு. அதுக்கப்புறம் ரெண்டு பேரும் சேர்ந்தே எழுதினாங்க. இயக்குநர் அலென் ரெனே ரெண்டு பேரையும் சேர்த்து ‘ழபாக்’னு ஒரே பேரா கூப்பிடுவாரு. திரைக்கதைக்கு மட்டும் நாலு சீசர் விருது, அதான் பிரான்சோட பெரிய சினிமா விருது. நடிப்புக்குக் கிடைச்ச ஒரே சீசரும் துணை நடிகருக்குத்தான், ரெனே படத்துல.

நான்: கதாநாயகனா கிடைக்கவே இல்லையா?

சித்தப்பா பாரீஸ்: பரிந்துரையோட நின்னுடுச்சு. ஆனா அவங்க எழுத்துல துணை வேஷம்னு ஒண்ணு கிடையவே கிடையாதும்மா. 1996ல வந்த ‘குடும்பச் சாயல்’ படம் முழுக்க ஒரு சின்ன கஃபேக்குள்ள ஒரு ராத்திரி. பக்ரிதான் கஃபேக்காரர், மூத்த பையன். ஆனா சீசர் போனது யாருக்குத் தெரியுமா? அவர்கிட்ட வேலை பார்க்கிற பையனா நடிச்சவருக்கும், தம்பி பொண்டாட்டியா நடிச்சவங்களுக்கும். அந்தப் பொண்ணோட பொறந்தநாள் அன்னிக்கு, பரிசுப் பொட்டியில நெக்லஸ் இருக்கும். அதை நாய்க்கு மாட்டுற பட்டைனு நினைச்சுக்குவா. இப்பவும் அந்த இடம் வந்தா எனக்குத் தொண்டை அடைக்கும்.

அத்தை: பாவம் அந்தப் புள்ள.

அப்பா: முதல்ல எதைப் பார்க்கலாம் தம்பி?

சித்தப்பா பாரீஸ்: ‘அடுத்தவர் ரசனை’, 2000ல வந்தது. ழவுயி இயக்கினது. பக்ரி பணக்கார முதலாளி, இங்கிலீஷ் சொல்லித் தர வர்ற நடிகை மேல ஆசைப்படுவாரு. அவரோட கார் டிரைவர் படம் முழுக்க தனியா புல்லாங்குழல் பழகிக்கிட்டே இருப்பான். ஒண்ணோட ஒண்ணு சேராத துண்டுத் துண்டுச் சத்தம். கடைசியில ஒரு பேண்டு குழுவுல போய் உட்காருவான். மத்த வாத்தியமெல்லாம் சேர்ந்ததும் அந்தத் துண்டுச் சத்தமெல்லாம் பாட்டாயிடும். படத்தை அவன்கிட்ட கொடுத்துத்தான் முடிச்சாங்க.

நான்: சித்தப்பா, ஞாயித்துக்கிழமை வீடியோ கால் போட்டு சேர்ந்து பார்க்கலாமா? வசனம் வர்றப்போ நீங்க தமிழ்ல சொல்லுங்க.

சித்தப்பா பாரீஸ்: சொல்றேன் பாப்பா. உங்க ஊர் நேரம் ராத்திரி எட்டு மணிக்கு. உன் நாலு வசனத்தையும் எழுதி அனுப்பு, பார்க்கிறேன்.