எல்டன் ரிங்: கருப்புத் தோல் நிறத்துக்குச் சரியான ஸ்லைடர் அளவு வேண்டும்

வணக்கம் நண்பர்களே. எல்டன் ரிங் வீடியோ கேமில் என் கதாபாத்திரம் நல்ல கருப்பாக, களையான நடுத்தர வயதுப் பெண்ணாக இருக்க வேண்டும் என்று ஆசை. உருவாக்கும் திரையில் அப்படியே வருகிறாள். ஆட்டத்துக்குள் வெளிச்சம் மாறும்போதுதான் சிக்கல். ஆட்டம் தொடங்கும் திறந்தவெளிப் பகுதியான லிம்கிரேவின் வெயிலில் பார்க்க அவ்வளவு அழகு, குகைக்குள் நுழைந்தாலோ முகத்தில் சாம்பல் பூசியது போல ஆகிவிடுகிறது.

தோல் நிறத்துக்குச் சிவப்பு, பச்சை, நீலம் என்று 0 முதல் 255 வரை போகும் ஸ்லைடர்கள் இருக்கின்றன அல்லவா? சிவப்பைக் கொஞ்சம் ஏற்றினாலே செங்கல் நிறம் வந்துவிடுகிறது. நீலத்தைக் குறைத்தால் மஞ்சள் தட்டுகிறது. மூன்றையும் எந்த விகிதத்தில் வைத்தால் இருட்டிலும் உயிரோட்டம் போகாது? தோல் பளபளப்பையும் கூட்ட வேண்டுமா? கருப்புத் தோலுக்கு அதுதான் முக்கியம் என்று எனக்குத் தோன்றுகிறது, ஆனால் ஓரளவுக்கு மேல் போனால் எண்ணெய் வழிகிறது.

அப்புறம் வயது. அந்த ஸ்லைடரை ஏற்றும்போது முகத்தின் களை குறையாமல் இருக்க எலும்பமைப்பில் எதை மாற்றுகிறீர்கள்?

ஆட்டத்தில் வீரர்கள் கூடும் இடமான ரவுண்ட்டேபிள் ஹோல்டில் உள்ள கண்ணாடியில் தோற்றத்தை எத்தனை முறை வேண்டுமானாலும் மாற்றலாம் என்பதால், நீங்கள் தரும் அளவுகளை உடனே போட்டுப் பார்த்துவிடுவேன். கன்சோலில் ஆடுவதால் மோட் (ரசிகர்கள் செய்யும் மாற்றக் கோப்பு) எதுவும் உதவாது. ஸ்லைடர் எண்களோடு வெயிலில் ஒன்று, குகையில் ஒன்று என ஸ்கிரீன்ஷாட்டும் போட்டால் பெரிய உதவி. நன்றி.