கல்யாண கேசட் எம்பி4: சத்தம் போகப் போகப் பின்தங்குகிறது, விஎல்சியில் சரிசெய்ய முடியுமா?

கரிசல்காடு:
அப்பா அம்மாவின் கல்யாண கேசட்டை (1994, விஎச்எஸ்) ஒரு ஸ்டூடியோவில் கொடுத்து எம்பி4 ஆக மாற்றி வாங்கினோம். ஒன்றரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் மேல் ஓடுகிறது. தொடக்கத்தில் எல்லாம் கச்சிதம். மாப்பிள்ளை அழைப்பு முடிவதற்குள் லேசாக இடறுகிறது, கடைசியில் வரவேற்பில் பெரிய மாமா பேசி முடித்து மைக்கை அடுத்தவர் கையில் கொடுத்த பிறகும் அவர் குரல் வந்துகொண்டே இருக்கிறது. விஎல்சி பிளேயரில் ஜே விசையைத் தட்டினால் அந்த இடத்துக்குச் சரியாகிறது, பத்து நிமிடம் ஓடினால் மறுபடி அதே கதை. கேட்டால் "உங்க கம்ப்யூட்டர் ஸ்லோ சார்" என்கிறார்கள். யாராவது வழி சொல்லுங்களேன்.

ரீல்சுத்தி:
விஎல்சியில் டூல்ஸ், ப்ரெஃபரன்ஸஸ், இன்புட்/கோடெக்ஸ் போய் ஹார்ட்வேர் டிகோடிங்கை டிசேபிள் செய்து பாருங்கள். என் பழைய லேப்டாப்பில் 4கே படங்கள் திணறியபோது அதுதான் கைகொடுத்தது.

வைகைக்கரை:
ரீல்சுத்தி சொன்னது வேறு வியாதிக்கான மருந்து. விஎச்எஸ் படத்தை எவ்வளவு பழைய லேப்டாப்பும் ஓட்டிவிடும். கம்ப்யூட்டர் திணறினால் படம் விக்கும், நிறுத்தி வேறு இடத்துக்குத் தாவினால் கொஞ்ச நேரம் சரியாகவும் இருக்கும்.

கரிசல்காடு, முதலில் ஒன்று பாருங்கள். நேராகக் கடைசிப் பகுதிக்குத் தாவினாலும் அதே அளவு பிந்துகிறதா? டிவியில் பென்டிரைவ் போட்டாலும் அப்படித்தானா? ஆம் என்றால் கோளாறு ஃபைலுக்குள்ளேயே இருக்கிறது, பிளேயரைக் குடைவதில் பயனில்லை.

அப்புறம் அளந்து சொல்லுங்கள். தொடக்கம், நடு, கடைசி என்று மூன்று இடம் போதும். பேச்சை வைத்து அளக்காதீர்கள், உதடு ஏமாற்றும். தவில்காரர் குச்சி தோலில் படுவது தெரிகிற இடம், தேங்காய் உடைக்கிற இடம் மாதிரி பார்த்து எடுங்கள். டூல்ஸ் மெனுவில் ட்ராக் சிங்க்ரனைசேஷன் என்று இருக்கும், அங்கே ஆடியோ எண்ணை மாற்றி, அடியும் சத்தமும் ஒன்றாக விழும்போது என்ன எண் காட்டுகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். ஜே ஒரு தட்டுக்கு 50 மில்லிசெகண்ட் சத்தத்தை முன்னால் இழுக்கும், கே பின்னால் தள்ளும் (மேக்கில் விசைகள் வேறு).

கரிசல்காடு:
டிவியிலும் அப்படியேதான், தாவினாலும் மாறவில்லை. 10ஆம் நிமிடம் மைனஸ் 0.4, 45இல் மைனஸ் 1.8, 90இல் மைனஸ் 3.6. தவில் யோசனை பிரமாதம்ணா, குச்சி விழுவது துல்லியமாகத் தெரிகிறது.

வைகைக்கரை:
அருமையான எண்கள். மூன்றையும் வகுத்துப் பாருங்கள், நிமிடத்துக்கு 0.04 செகண்ட் என்றே வருகிறது. நம் ஊர் கேசட் பால் (PAL) என்கிற வீடியோ முறை, செகண்டுக்கு 25 ஃப்ரேம், அதாவது ஒரு ஃப்ரேம் சரியாக 0.04 செகண்ட். கேப்சர் செய்யும்போது, அதாவது கேசட்டை ஓடவிட்டுக் கம்ப்யூட்டரில் பதியும்போது, சராசரியாக நிமிடத்துக்கு ஒரு ஃப்ரேம் கீழே விழுந்திருக்கிறது. சத்தம் முழுசாகப் பதிவாகியிருக்கிறது, படம்தான் குறைந்துபோய் முந்தி ஓடுகிறது. உங்கள் கம்ப்யூட்டர் மேல் பழியே இல்லை.

அதனால் சத்தத்தைத் தொடாதீர்கள், படத்தைக் கொஞ்சம் இழுத்துவிடுங்கள். எம்கேவிடூல்நிக்ஸ் (MKVToolNix) என்று ஒரு இலவச மென்பொருள் இருக்கிறது, வீடியோவை எம்கேவி ஃபைலாக எழுதித் தரும். ஃபைலை அதில் இழுத்துப் போட்டு, வீடியோ ட்ராக் வரியை மட்டும் க்ளிக் செய்து (ஆடியோவின் டிக்கை எடுக்காதீர்கள்), வலப்பக்கம் டைம்ஸ்டாம்ப் பகுதியில் ஸ்ட்ரெட்ச் பை என்ற கட்டத்தில் 1501/1500 என்று எழுதுங்கள். நிமிடத்துக்கு 1500 ஃப்ரேம், விழுந்த ஒன்றின் இடத்தை மற்றவை பங்கு போட்டுக்கொள்ளும், கண்ணுக்குத் தெரியவே தெரியாது. டிலே கட்டத்தைக் காலியாக விடுங்கள். ஆடியோவில் இதைச் செய்ய வேண்டாம் என்று அவர்கள் கையேடே சொல்கிறது. படத்தை மறுபடி என்கோட் செய்வதில்லை என்பதால் சீக்கிரம் முடிந்துவிடும், தரமும் குறையாது. பழைய எம்பி4ஐ மட்டும் அழித்துவிடாதீர்கள்.

கரிசல்காடு:
மாமா இப்போது வாயசைவோடு பேசுகிறார்! டிவியிலும் எம்கேவி ஓடுகிறது. அம்மாவிடம் போட்டுக் காட்டிவிட்டேன். ஆனால் மறுவீட்டு கேசட் ஒன்று இருக்கிறது, அதில் 20ஆம் நிமிடம் வரை சரி, படம் கோடு கோடாகக் கிழிகிற இடம் தாண்டியதும் ஒரேயடியாக 2 செகண்ட் பிந்தி, அப்புறம் கடைசி வரை அப்படியே நிற்கிறது. இதற்கும் 1501 தானா?

நடுச்சாமம்:
குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். எனக்கு எல்லாப் படத்திலும் ஒரே அளவு பிந்துகிறது, ப்ளூடூத் ஹெட்செட் போட்டால் மட்டும்.

வைகைக்கரை:
நடுச்சாமம், அது ப்ளூடூத் எடுத்துக்கொள்கிற நேரம். ஃபைல்கள் நன்றாகத்தான் இருக்கின்றன. ஜே தட்டிச் சமாளியுங்கள், இல்லாவிட்டால் வயர் வைத்த ஹெட்செட் போடுங்கள்.

கரிசல்காடு, இல்லை, அங்கே டேப் நைந்துபோய் 50 ஃப்ரேம் மொத்தமாகப் போயிருக்கிறது. இழுத்தால் நன்றாக இருக்கும் முதல் 20 நிமிடமும் கெடும். அதே எம்கேவிடூல்நிக்ஸில் அவுட்புட் பகுதியில் ஸ்ப்ளிட் இருக்கிறது, கிழிகிற இடத்தில் இரண்டாக வெட்டி, இரண்டாம் துண்டின் ஆடியோவுக்கு மட்டும் டிலே மைனஸ் 2000 கொடுங்கள். கேசட் இன்னும் கையில் இருந்தால், டைம் பேஸ் கரெக்டர் (டேப்பிலிருந்து தள்ளாடி வரும் சிக்னலைச் சீராக்கும் கருவி) வைத்து கேப்சர் செய்கிறவர் யாராவது கிடைக்கிறாரா என்று விசாரியுங்கள், அந்தக் கிழிசலே பெரும்பாலும் குறைந்துவிடும்.