ஆன்டிமார்ட்டம் காயம்: ‘உயிருடற் காயம்’ எனலாமா?

அன்புடையீர், வணக்கம்.

இறப்பதற்கு முன், உயிரோடிருக்கும்போதே ஏற்பட்ட காயத்தை மருத்துவர்கள் ஆன்டிமார்ட்டம் காயம் என்கிறார்கள். அதற்குத் தமிழில் ஐயா ஒருவர் முன்மொழிந்த ‘உயிர்வினைக் காயம்’ என்னும் சொல்லில் எனக்கு ஓர் இடர்ப்பாடு தோன்றுகிறது. உயிரோடிருப்பவர் அடிபட்டால் காயத்தைச் சுற்றியுள்ள திசுக்களுக்குள் குருதி பரவி உறைகிறது, விளிம்புகள் விரிகின்றன, நேரம் கிடைத்தால் வீக்கமும் தொடங்குகிறது. சவப் பரிசோதனையில் மருத்துவர் தேடும் இந்த அடையாளங்களை ‘உயிர்வினை’ என்பது மிகப் பொருத்தம். அதையே காயத்தின் பெயராக்கிவிட்டால், அடிபட்ட நொடியிலேயே இறந்தவரின் உடலில் அவ்வினை தெளிவாகத் தென்படாதபோது, எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அச்சொல்லைக் கொண்டே மருத்துவரைக் குறுக்கு விசாரணையில் மடக்கிவிடுவார். அறிக்கையைவிட, மருத்துவர் கூண்டேறிச் சொல்லும் சாட்சியமே பொதுவாக எடைபோடப்படுகிறது என்பதால் இதைச் சிறு குறையாக விட முடியாது.

தூக்கில் தொங்கிய நிலையில் கிடைக்கும் உடலை எடுத்துக்கொள்வோம். கழுத்திலுள்ள கயிற்றுத் தடம் உயிர் இருந்தபோது விழுந்ததா, கொன்றபின் தொங்கவிட்டதால் விழுந்ததா என்பதில்தான் வழக்கே அடங்கியிருக்கும். சடலத்தைத் தொங்கவிட்டார் என்பதற்கு மேல் எதுவும் நிரூபிக்கப்படாத ஒருவர்மீது, இந்தியாவின் தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 103ஆம் பிரிவு, அதாவது கொலைக்கான தண்டனைப் பிரிவு, நிற்காது. தடயத்தை மறைத்ததற்கான 238ஆம் பிரிவே நிற்கும். எரிந்த உடலிலும் இதே கேள்விதான்: மூச்சுக்குழாயின் உட்புறத்தில் கரி படிந்திருந்தால், தீ சூழ்ந்தபோது அவர் மூச்சு விட்டுக்கொண்டிருந்தார் என்று பொருள்.

ஆகவே, காயம் எந்த உடலின்மீது விழுந்தது என்பதையே சொல்லாக்கி, ‘உயிருடற் காயம்’, ‘சடலக் காயம்’ என்ற இணையை முன்வைக்கிறேன். ‘இறப்புக்கு முந்தைய’, ‘இறப்புக்குப் பிந்தைய’ என்பவை பிழையல்ல. ஆனால் தட்டச்சில் ‘மு’ ‘பி’யாக மாறினால் தீர்ப்பே மாறக்கூடும். ‘போஸ்ட்மார்ட்டம் காயம்’ என்று எழுதுவதோ இன்னும் மோசம். நம் மக்கள் வழக்கில் போஸ்ட்மார்ட்டம் என்றால் பரிசோதனைதான் என்பதால், மருத்துவரின் கத்தி பட்ட இடம் என்றே வாசகர் கொள்வார்.

இரண்டில் எது என்று மருத்துவரால் அறுதியிட முடியாத காயங்களும் உண்டு. அவற்றை ‘இறப்பை ஒட்டிய காயம்’ என்று தனியே குறிக்க வேண்டும். இந்த இணைக்குள் வலிந்து திணிக்கக் கூடாது.