சாப்பா ட்ரெக் அப்டேட்: போயிட்டு வந்தாச்சு

போன மாசம் வியட்நாம்ல சாப்பாங்கிற மலை ஊருக்குப் போறேன், மூணு நாள் நடைக்கு கைடு வேணுமா இல்ல மேப் வெச்சே சமாளிச்சிடலாமானு கேட்டிருந்தேன்ல, கைடு வெச்சுக்கோனு சொன்னவங்களுக்கு பெரிய கும்பிடு. ஹனோய்ல நைட் பஸ் ஏறி விடிய சாப்பா, அங்கிருந்து முவாங் ஹுவா பள்ளத்தாக்குல இறங்கி லாவ் சாய், தா வான்னு ஊர் ஊரா நடை. கைடு மாங்ங்கிற மலைவாழ் இனத்து அக்கா ஒருத்தங்க, முதுகுல கூடை, கால்ல சாதா ரப்பர் செருப்பு. நான் எட்டாயிரம் ரூபா ஷூவோட வரப்புல சறுக்கி முட்டி வரைக்கும் சேத்துல, அவங்க சிரிச்சிக்கிட்டே ஒத்தக் கையால தூக்கிவிட்டாங்க. அந்தக் கை பூரா நீலம்! அவுரிச் சாயமாம், துணிய திரும்பத் திரும்ப முக்கி எடுத்து ஏறினது, சோப்புக்கெல்லாம் அசையாதாம்.

அங்க மலைச்சரிவுல படிப்படியா வெட்டின வயல்ல நெல்லு, குளிர்னால வருஷத்துக்கு ஒரே போகம்தான், மே ஜூன்ல தண்ணி கட்டி நடவு, செப்டம்பர்ல அறுப்பு. நாங்க போனப்ப பாதிப் படி மஞ்சள், மீதி அறுத்த தாள்.

ஒரே கடுப்பு, ஏஜென்சிக்காரன் தனி ரூம்னு காசு வாங்கிட்டு தா வான்ல மச்சுல வரிசையா மெத்தை போட்டுட்டான். ஆனா அசதில தூக்கம் செம. அட்டை இருக்கானு கேட்டவருக்கு, எங்களை ஒண்ணுகூட கடிக்கல.