தம்பிக்காகத்தான் கேலஹர் போருக்குப் போனாரா?

கேள்வி (லைன்அவுட்_லோகு):
பிரான்ஸ் நியூசிலாந்து ரக்பி மேட்ச் ஜெயிச்சா டேவ் கேலஹர் ட்ரோஃபினு ஒண்ணு குடுக்கறாங்கல்ல, யாருடா இவர்னு தேடினா 1905ல இங்கிலாந்து பக்கம் டூர் போன ஆல் பிளாக்ஸ், அதான் நியூசிலாந்து ரக்பி டீமோட கேப்டனாம், 1917ல பெல்ஜியத்துல போர்ல செத்துட்டார்னு வருது. தம்பிய கொன்னதுக்கு பழிவாங்கத்தான் சேந்தார்னு ஒரு வீடியோல சொன்னாங்க. நெசமா?

பழையபந்து:
தேதி இடிக்குதே ப்ரோ. இவர் பேர் குடுத்தது 1916 மே, தம்பி டக்ளஸ் பிரான்ஸ்ல செத்தது ஜூன் 3. அப்புறம் எப்படி பழி? கட்டாய ராணுவ வயசெல்லாம் தாண்டியாச்சு, வீட்டுல ஒரு பொண்ணு வேற, யாரும் கூப்பிடல, தானாத்தான் போனார். ஏற்கனவே தென்னாப்பிரிக்காவுல நடந்த போயர் போர்லயும் இருந்துட்டு வந்த ஆளு. 1918ல இன்னொரு சகோதரன் ஹென்றியும் போர்ல செத்துட்டார், மூணு பேரு ஒரே வீட்டுல 😔

ஸ்க்ரம்மாமா:
போர் கதையவே எல்லாரும் சொல்றீங்க, ஆட்டத்த யாரும் பேச மாட்டேங்கறீங்க. அந்த டூர்ல 35 மேட்ச், 34 ஜெயிச்சாங்க, வேல்ஸ்கிட்ட மட்டும் 3-0ல அவுட். இவர் விங் ஃபார்வர்ட், அதாவது ஸ்க்ரம்ல (ரெண்டு டீம் ஆளுங்களும் தோளோட தோள் முட்டி பந்துக்காக தள்ளுவாங்கல்ல, அது) பந்த உருட்டி விட்டுட்டு அப்படியே பக்கத்துலயே நின்னுக்குவார், பின்னாடி பந்த எடுக்கற நம்மாளுகிட்ட எதிராளி நெருங்கணும்னா இவர சுத்தித்தான் வரணும். இங்கிலீஷ் பேப்பர்காரன் ஏமாத்துக்காரன்னே எழுதினான். கால்ல அடிபடாம இருக்க பேட் (pad) வேற கட்டியிருப்பாரா, அதுக்கும் கிண்டல். கார்டிஃப்ல நடந்த அந்த வேல்ஸ் மேட்ச்ல ரெஃப்ரீ இவருக்கு எதிரா பெனால்டி மேல பெனால்டி குடுக்க, கடைசில வம்பே வேணாம், பந்துக்கு மல்லுக்கட்டாதீங்கனு ஸ்க்ரம் பசங்ககிட்ட சொல்லிட்டார். என்னக் கேட்டா ரூல் புக்குல ஓட்டை இருந்தது, இவர் யூஸ் பண்ணிக்கிட்டார், அவ்ளோதான்.

லைன்அவுட்_லோகு:
ஓ அப்ப வீடியோ அளந்து விட்டிருக்கான். அயர்லாந்துல பொறந்தவர்னும் போட்டிருந்தது, அதாவது உண்மையா?

பழையபந்து:
அது உண்மை, டொனகால்ல ராமெல்டன், 1873. அஞ்சு வயசு ஆகறதுக்கு முன்னாடியே குடும்பத்தோட கப்பலேறி நியூசிலாந்துல கட்டிகட்டிங்கற ஊருக்கு வந்துட்டாங்க. அம்மா ஸ்கூல் டீச்சர். அவங்க உடம்பு முடியாம வேலை போனதும் இவர் படிப்ப விட்டுட்டு வேலைக்கு போயிட்டார். கடைசில 1917 அக்டோபர் 4, பெல்ஜியத்துல பாஷன்டேல் பக்கம் க்ராவன்ஸ்டஃபெல் மேட்டுல ஷெல் சிதறல் மூஞ்சில பட்டு அன்னிக்கே முடிஞ்சுது. நைன் எல்ம்ஸ் கல்லறைல கல்லுல வயசு 41னு இருக்கும், அதுவும் தப்பு, அப்ப 43, இன்னும் ஒரு மாசம் போனா 44.